ஒரு முழம்

பெருங்குடி. இரண்டாம் அடித்தளம்.
மழைத்தண்ணீர் இறைக்க மோட்டார் ஓடும்போதெல்லாம்
தீயே இல்லாமல் அலறுகிறது தீ மணி.
மூன்று ராத்திரி பொறுத்த செக்யூரிட்டி தணிகைவேல்
அதன் வாயில் துணியை அடைத்துவிட்டான்.

மெயினை இறக்கிப் பூட்டி, ஏணியில் ஏறினேன்.
நானூற்றுப் பதினைந்து வோல்ட் தடியனின் தோளில்
சாய்ந்து கிடந்தது
இருபத்துநாலு வோல்ட் சிவப்பு ஒயர்.
ஒரே ட்ரே, ஒரே கட்டு.
எவனோ அவசரக்காரன்.

பிரித்தேன்.
டேப் சம்ப்பில் விழுந்துவிட்டது.
பூக்காரி மாதிரி முழம் போட்டு
கீழே தனி ட்ரே.
தாண்டியே ஆகவேண்டிய ஓரிடத்தில் மட்டும்
நேர்குறுக்காக,
நின்று பேசாமல்.

மோட்டார் ஓடியது.
மணி வாய் திறக்கவில்லை.

தணிகைவேல் துணியை உருவினான்.
சாமி படத்தில் செருகிய ஊதுவத்தியை எடுத்துவந்து
சென்சாருக்கு நீட்டினான்.
"நெஜமா வந்தா கத்துமா?"

கத்தியது.