கொண்டி

அது ஒன்றும் பெரிய பொருளில்லை.
உள்ளங்கையில் அடங்கும் கறுப்பு பிளாஸ்டிக்,
ப எழுத்தின் வடிவில்.
மேலே குறுக்காக விழும் ஒரு கம்பி,
கம்பியின் நுனியில் விரலால் திருகும் மரை.
தமிழில் இதற்கு என்ன பெயர் என்றாள் நோராஷிக்கின்.
தெரியவில்லை.
கொண்டி என்றேன்,
கதவுக்கு அதைத்தானே மாட்டுகிறோம்.
கோண்டி, என்று நீட்டிச் சொல்லிப் பார்த்தாள்.
அன்றிலிருந்து படகுக் கொட்டகையில்
அதுதான் பெயர்.

பாண்டான் நீர்த்தேக்கம், ஞாயிறு, ஆறே முக்கால்.
தெபான் கார்டன்ஸ் அடுக்குமாடிகளின்
அணைக்காத விளக்குகள்
நீருக்குள் நீளமாய்த் தொங்கும்.
இரண்டு பேர், நாலு துடுப்பு, நாலு கொண்டி.
எனக்கு மூன்று வாஷர் உயரம், அவளுக்கு ஒன்று.
மேடையோரத்துக் கொண்டியைப் பூட்டுவது சுலபம்.
நீர்ப்பக்கத்துக் கொண்டிக்கு
உடம்பைச் சாய்த்து எட்ட வேண்டும்;
அந்நேரம் மற்றவள்
மேடையை விடாமல் பிடித்திருக்க வேண்டும்.

பூட்டிய பிறகும் துடுப்பு உள்ளே புரளும்,
படுக்கும், நிமிரும்,
ஒவ்வொரு முறையும் கடக் என்று ஒரு சத்தம்.
போகாதே என்று மட்டும் சொல்லும் கொண்டி.
மற்றபடி உன் இஷ்டம்.
இது புரிய எனக்கு நாலு மாதமானது.

அந்த வாரம்
வீடமைப்புக் கழகத்திலிருந்து கடிதம் வந்திருந்தது.
வீட்டுப் பத்திரத்தில் இனி ஒரே பெயர்.
யார் பெயர் என்பது இங்கே வேண்டாம்.

நானூறு மீட்டர் போயிருப்போம்.
முதுகு போகும் திசையில் முன்னேறிக்கொண்டிருந்தோம்,
விட்டு வந்த கரையைப் பார்த்தபடி.
வலத் துடுப்பு எகிறியது.
வானம் ஒருமுறை புரண்டது.
பழைய தகரத்தின் ருசி வாயில்.

கவிழ்ந்த படகுக்கு அந்தப் பக்கம்
அவள் தலை மேலே வந்தது, தொப்பி இல்லாமல்.
"பூட்டினாயா?"
"பூட்டினேன்."
"நான் மேடையைப் பிடித்திருந்தேன். நீ எட்டினாய்.
எட்டி என்ன செய்தாய்?"
யோசித்துப் பார்த்தேன்.
கம்பியைச் சாய்த்திருக்கிறேன்.
மரையைத் திருகவில்லை.
அவளுக்குச் சிரிப்பு வந்தது, சிரிப்போடு தண்ணீரும் போய்
வெகுநேரம் இருமினாள்.
இரண்டு நீர்நாய்கள் பார்த்துவிட்டு
தங்கள் மீன் வேலைக்குப் போயின.
ஜூரோங் பக்கம் மின்னல் எச்சரிக்கைச் சங்கு
ஊதத் தொடங்கியது.
படகைத் தள்ளிக்கொண்டே கரைவரை நீந்தினோம்.
கடிதத்தைப் பற்றி நான் சொல்லவில்லை.
சொல்லியிருந்தால் அந்த மரைக்கு
ஒரு காரணம் கிடைத்திருக்கும்.

அன்றிரவு கதவுக்குக் கொண்டி மாட்டிவிட்டுப் படுத்தேன்.
எழுந்து போய்ப் பார்த்தேன்.
மாட்டித்தான் இருந்தது.
திருக அதில் மரை கிடையாது.
ஆனாலும் பெருவிரல் காற்றில்
கால் சுற்று சுற்றிவிட்டுத்தான் திரும்பியது.

அடுத்த ஞாயிறு.
மேடையைப் பிடித்தபடி,
என்னைத் திரும்பிப் பார்க்காமல்,
"கோண்டி?"
"ஆச்சு."
"கையை வைத்துச் சொல்."
வைத்தேன்.
ஈரமாக இருந்தது.