முழங்கால் உயரம்

வால்மோரென் சந்தையில் மரக்கால்
மரத்தால் ஆனதல்ல. கல்லில் குடைந்தது.
யாரும் சுருக்கக் கூடாது என்பதற்காகக் கல்.
விளிம்பில் பிரபுவின் முத்திரை.
உள்ளே, தலைமுறை தலைமுறையாகக் கோதுமை உரசி
வழுவழுத்த வயிறு.
உரச உரச அது கொஞ்சம் கொஞ்சமாய்க்
கூடுதலாகக் கொண்டது.
இதை எந்தச் சாசனத்திலும் எழுதவில்லை.

நான் ப்ளேஸ் கொர்னோ. அளப்பவன்.
படியளப்பவர் ஆண்டவர் என்பார் பாதிரியார்.
தலைதட்டும் கட்டை என் கையில் இருந்தது.

குத்தகை வாங்கும்போது தோள் உயரம்.
மூட்டையை அங்கிருந்து கவிழ்த்தால்
விழுகிற வேகத்தில் மணிக்குள் மணி ஒடுங்கும்,
பனிக்காலத்துப் பன்றிக்குட்டிகள் மாதிரி.
விதைக்கடன் கொடுக்கும்போது முழங்கால் உயரம்.
மெல்லச் சரித்தால்
காற்றும் உள்ளே வந்து உட்காரும்.
கல் ஒன்று. கட்டை ஒன்று.
கொட்டும் உயரம் மட்டும் இரண்டு.

"என் கோதுமையை மட்டும்
ஏன் அந்த உயரத்திலிருந்து அடிக்கிறாய்?"
விதவை தியெனெத் ஒருமுறை கேட்டாள்.
குனிந்தால் இடுப்பு பிடிக்கிறது என்றேன்.

அவள் நிலம் இரண்டு 'நாள்'.
ஒரு ஆள், ஒரு சோடி மாடு,
விடியலில் இருந்து பொழுது சாயும்வரை
உழுது முடிப்பது ஒரு நாள்.
மாடுகளில் ஒன்று செத்த வருஷம்
அதே நிலம் அவளுக்கு ஐந்து நாள் பிடித்தது.
பத்திரத்தில் இரண்டுதான் இருந்தது.

பிறகு பாரிஸில் என்னென்னவோ நடந்தது.
மன்னனின் பாதம் இனி அடிக்கணக்கு அல்ல,
பூமியின் சுற்றளவையே அளந்துவிட்டார்கள்,
அதில் பிறந்த குச்சிக்கு மீட்டர் என்று பெயர்
என்றார்கள்.
பூமி எந்த ஊர்ச் சந்தைக்கு வந்து நின்றது
என்று கேட்டான் கொல்லன். சிரித்தோம்.

ஒரு மழைநாளில் வந்தான் குடிமகன் லெர்மினோ.
இருபத்துநாலு வயது இருக்கும்.
மூக்குக்கண்ணாடி, நனைந்த காலுறை,
கக்கத்தில் ஒரு தகரக் குவளை: லிட்டர்.
அறுபத்திரண்டு ஊர் பார்த்தானாம்,
நாற்பத்தொரு மரக்கால் கண்டானாம்.
"உங்கள் கல் எத்தனை லிட்டர் கொள்ளும்?
நான் எழுதுகிற எண்ணில்தான்
பழைய குத்தகை எல்லாம் இனி மாறும்.
வழக்கம் போல் அளந்து காட்டுங்கள்."

வழக்கம் போல்.
எந்த வழக்கம் என்று அவன் கேட்கவில்லை.

மண்டியிட்டேன். ஈரக் கல்தரை.
தூங்கும் பிள்ளையைக் கிடத்துவது போலக்
கோதுமையைச் சரித்தேன்.
இடது கையை அடியில் விரித்து
மெல்ல மெல்ல உருவினேன்.
கட்டையை அழுத்தாமல் ஓட்டினேன்.
பிறகு அவன் முறை.
அள்ளி அள்ளித் தன் குவளையில் கொட்டினான்,
தோள் உயரத்திலிருந்து.

பத்தொன்பதேகால்.

இருபத்தொன்றுக்கு மேல் என்று எனக்குத் தெரியும்,
என் வீட்டு வாசல்படி தெரிவது போல.
அவன் என் முழங்கால் சேற்றைப் பார்த்தான்.
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான்.
எழுதினான். முத்திரை வைத்தான்.
முப்பது மரக்கால் குத்தகைக்கு
ஐம்பது லிட்டருக்கு மேல் மிச்சம், வருஷா வருஷம்.
அன்று நான் அளந்தது கோதுமையா கதையா,
கேட்டால் இரண்டும்தான்.
அதை அரசாங்கமே அச்சடித்து
எல்லா நகர்மன்றத்திலும் ஒட்டியது.

தியெனெத் அந்த வருஷத் தவக்காலத்திலேயே
போய்விட்டாள்.
நிலம் மகன் நிகேசுக்கு.
கல்லைச் சம்மட்டியால் இரண்டாக்கினார்கள்.
பாதியில் கோழிகள் தண்ணீர் குடிக்கின்றன,
மற்றப் பாதி எங்கே என்று தெரியவில்லை.

நேற்று மதுக்கடையில் நிகேஸ் மேசையைத் தட்டினான்:
"அந்தக் கல்லில் நியாயம் இருந்தது.
தகரக் குவளை பட்டணத்துத் திருட்டு.
நீயே சொல், கொர்னோ,
நாற்பது வருஷம் அளந்தவன்!"

ஆமாம் என்றேன்.
அவன் கோப்பையில் நிரப்பினேன்,
விளிம்பு தாண்டும்வரை,
தலை தட்டாமல்.