பதினேழாம் எண் கருவி

வூச் நகரில், பழைய பருத்தி ஆலையின் முதுகில்
என் வாடகைக் கடை.
துளைபோடும் இயந்திரம், ஏணி, சிமெண்ட் கலக்கும் உருளை.
பதினேழாம் எண் கொக்கியில் அது.

பார்க்க ஒன்றுமில்லை.
ஒரு முனை கத்தரி, மறுமுனை ஊசி,
நடுவில் கட்டைவிரல் பதியும் பள்ளம்.
நாள் வாடகை நாற்பது ஸ்வோட்டி, முன்பணம் கிடையாது.
இந்த மார்ச் வரை
தாமதமாகத் திருப்பித் தந்தவர் ஒருவருமில்லை.
போகுமிவ் ஒருமுறை
எடுத்துப்போவதற்கு முந்தின நாளே கொண்டுவந்து வைத்தார்.
ரசீது எழுத நான் பட்ட பாடு.

சொல்லித்தான் அனுப்புகிறேன் ஒவ்வொருவரிடமும்:
ஒரு மணிக்கு மேல் வெட்டாதீர்கள், விளிம்பு பிசிறும்.
வெட்டினால் உடனே தையுங்கள்,
வாய்பிளந்த பொழுதுக்குள் குளிர்காற்று ஏறும்.
அடுத்தவர் நேரத்தில் கை வைக்காதீர்கள்.
தலையாட்டுவார்கள்.
வெட்டு ஒன்று துண்டு இரண்டு என்று முடித்துவிட்டுச்
சாயங்காலமே வருவார்கள், முகம் வெளுத்து, சற்று லேசாகி.

கருவியின் இடுக்கில் துண்டுகள் மாட்டியிருக்கும்.
யாரும் கேட்பதில்லை.
பல் மருத்துவர் வாசலில் நாற்பது நிமிடம்,
ஓட்டுநர் தேர்வில் தோற்ற கால் மணி,
நின்றுபோன லிஃப்டுக்குள் ஒருவன்
தன்னோடு தானே சண்டை போட்ட ஒன்பது நிமிடம்,
மாமியார் வீட்டுச் சூப்பு ஆறும் வரை.
துடைத்து பிஸ்கட் டப்பாவில் போட்டுவைப்பேன்.
இதை எந்த நிறத் தொட்டியில் கொட்டுவதென்று
நகராட்சி இன்னும் சொல்லவில்லை.

பனிக்காலத்தில் கடைக்கு ஆள் வராது.
ஜனவரியில் உட்கார்ந்து அத்தனையையும் ஒட்டுப்போட்டேன்.
எனக்கென ஒரு பிற்பகல் கிடைத்தது,
நாலேகால் மணி நீளம்,
முழுக்கப் பிறர் வேண்டாமென்ற பொழுது.
ஞாயிறுதோறும் விரித்து உள்ளே போய் உட்காருவேன்.
நடுவில் பச்சை நூலில் தைத்த துண்டு எனக்குப் பிடிக்கும்:
மருத்துவமனைத் தாழ்வாரம்,
காசை விழுங்கிவிட்டுக் காப்பி தராத இயந்திரம்,
சிவப்புக் காலணி போட்ட துப்புரவுப் பெண்
ஒரே தரைக்கல்லை மூன்று முறை துடைக்கிறாள்.
கதவுக்குப் பின்னால் யாரோ இருமுகிறார்கள்.
பதினோரு நிமிடம். அமைதி.

மார்ச்சில் யாத்விகா வந்தாள்,
டிராம் ஓட்டுபவள், சீருடையோடு,
வண்டியைத் தெருமுனையில் நிறுத்திவிட்டு.
"அக்டோபரில் இங்கே ஒரு துண்டை விட்டுப்போனேன்.
காத்திருக்கப் பொறுக்கவில்லை, வெட்டிவிட்டேன்.
தைத்து நிமிர்ந்தால் எதிரே மருத்துவர்,
கையுறையைக் கழற்றிக்கொண்டு."
பிறகு என் மேசையைப் பார்த்துச் சொன்னாள்:
"அந்தப் பதினோரு நிமிடமும்
லெஷெக் இருந்திருக்கிறான்."

அவன் இருமலை
ஏழு ஞாயிறு கேட்டவன் நான்.
சொல்லவில்லை.

"தேடிப் பார்க்கிறேன்" என்று உள்ளே போய்ப்
பச்சை நூலைப் பிரித்தேன்.
தைத்ததைவிடப் பிரிக்க நேரம் பிடித்தது,
என் சொந்த நேரம்.
ஓரமெல்லாம் ஊசித்துளை.
என் சமையலின் வெங்காய வாசம் வேறு ஏறியிருந்தது;
உதறினேன், போகவில்லை.

அவள் துண்டை விளக்கில் பிடித்துப் பார்த்தாள்.
"யாராவது இதில் இருந்தார்களா?"
பதிவேட்டில் 'நிலை' என்றொரு கட்டம் உண்டு.
'லேசான உபயோகம்' என்று எழுதி
அவள் பக்கம் திருப்பினேன்.
வாசித்தாள். என்னைப் பார்த்தாள். கையெழுத்திட்டாள்.
கத்தரி வேண்டாம், ஊசி மட்டும் போதுமாம்.
தனியே கழற்ற வராது என்றேன்.
அப்படியே எடுத்துப்போனாள்.
முனையில் பயணிகள் அவள் மணியை
அவர்களே அடித்துக்கொண்டிருந்தார்கள்.

இன்று ஏப்ரல் ஒன்பது.
கொக்கி காலி.
அபராதம் எழுதவில்லை.
என் பிற்பகலின் நடுவே பதினோரு நிமிட ஓட்டை.
நேற்று அதன் ஓரத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன்.
குளிர்காற்று ஏறியது.
எழுந்து ஸ்வெட்டரை எடுத்துவரப் போனேன்.