தடைக்காலச் சர்வர்

கம்பெனி தன் உலகத்தை மூடிவிட்டுப் போய்
நாலு வருஷம்.
மூடும்போது ஒரு மின்னஞ்சல் வந்தது:
உங்கள் பயணத்துக்கு நன்றி.
எழுபத்தெட்டாம் லெவலில் நின்ற என் வில்லாளி
என்ன ஆனாள் என்று அதில் இல்லை.

மஞ்சக்குப்பத்தில்
நான் வேலை பார்க்கும் ஜெராக்ஸ் கடைக்கு மாடியில் அறை.
யாரோ ஒரு பிரேசில்காரன் பிய்த்தெடுத்து வைத்திருந்த ஃபைல்களை
மூன்று இரவு இறக்கினேன்.
கடையில் கழித்துக்கட்டிய கம்ப்யூட்டர்,
ஒரு பக்கத் தகடு இல்லை,
திறந்த வயிற்றுக்கு நேராக மேசை ஃபேன்.

முதல் நாள் எழவே மறுத்தது.
பிழைச்செய்தியைத் திரும்பத் திரும்பப் படித்தேன்
கடன் நோட்டீஸ் படிப்பதுபோல்.
நானூற்றுப் பன்னிரண்டாம் வரியில்
ஒரு கமா கூடுதல்.
எடுத்தேன்.
மலைகள் ஏறின. காடுகள் ஏறின.
ஓநாய்கள் தத்தம் எண்களில் போய் நின்றன.
கடைசியாகக் கடல்,
பதினோரு நொடி.

வெளியிலிருந்து ஆள் வர வாசல் வேண்டும்.
"போர்ட் திறக்கணும்ணே" என்றேன் நெட் கனெக்‌ஷன் தணிகாசலத்திடம்.
"நம்மூரு போர்ட்டையே இன்னும் ஒழுங்காத் தொறந்தபாடில்ல"
சிரித்துக்கொண்டே மாசம் இருநூறு கூட்டினார்.

முதலில் மூன்று பேர்.
ஷார்ஜா கிடங்கிலிருந்து பரங்கிப்பேட்டை மீரான்,
நெய்வேலி ஷிஃப்ட் முடித்து எழிலரசி,
நான்.
அனுபவப் புள்ளி ஐந்து மடங்கு,
செத்தால் எதுவும் குறையாது.
விதி எழுதுவது இவ்வளவு சுலபம்,
சமக்குறிக்கு வலப்பக்கம் ஓர் எண்.

ஏப்ரல் பதினைந்து, தடைக்காலம்.
துறைமுகத்தில் விசைப்படகுகள் தோள் உரசிக் கிடந்தன.
பதினேழாம் தேதி இரவு ஒரு புதுப் பெயர்:
கலைநேசன் தேவனாம்பட்டினம்.
நிவாரணத்துக்கு ஆதார் நகல் எடுக்க வந்தவன்
கல்லாவுக்குப் பின்னால் நான் ஒட்டியிருந்த முகவரியை
போட்டோ பிடித்துப் போயிருக்கிறான்.
தங்கச்சிக்கு அரசு கொடுத்த லேப்டாப்.
வாள் வாங்கவில்லை, ஓநாய்ப் பக்கம் போகவில்லை,
நேரே தெற்குத் துறைக்குப் போய்த்
தூண்டில் போட்டு உட்கார்ந்தான்.
விடியும்வரை.
மறுநாளும்.

நாலாம் நாள் எழுதினான்:
"அக்கா, ஒம்போது செகண்டுக்கு ஒரு மீன் வருது.
எப்பப் போட்டாலும் வருது. எல்லாம் ஒரே எடை.
இது கடல் இல்ல, ரேஷன் கடை.
அங்ககூட இல்லன்னு ஒரு வார்த்த சொல்லுவான்."

அட்டவணையைத் திறந்து வைத்துக்கொண்டு
சொல்லு என்றேன்.
தண்ணி கலங்குனா எறா.
வாடக்காத்துக்குப் பாதி.
"நெலா வெளிச்சத்துல கவல மேல வராது."
மீனைத்தான் சொல்கிறான் என்று புரிய
ஒரு நிமிஷம் ஆனது.
"அப்புறம்க்கா, சில நாள் ஒண்ணுமே வரக் கூடாது.
காரணமே இல்லாம."

காரணமே இல்லாமல் என்பதை
எந்தக் கட்டத்தில் எழுத?
குத்துமதிப்பாய் ஓர் எண்ணைக் கூப்பிடும்
பழைய கட்டளை ஒன்று இருந்தது.
கூப்பிட்டேன்.

மீரான் கொதித்தான்:
"டூட்டி முடிச்சு ரெண்டு மணி நேரமா உக்காந்திருக்கேன்,
ஒரு பிஞ்ச செருப்புகூட மாட்டல."
எழிலரசி ஒரு வாரம் வரவில்லை.
கலைநேசன் இருந்தான்.
எட்டு மணி நேரம் ஒன்றுமில்லை.
பிறகு ஒரு வஞ்சிரம், பதினாலு கிலோ.
உலகம் முழுக்கக் கேட்கும்படி அவன் தட்டியது
ஒரே எழுத்து,
ஆ.

மே மாதம் கரண்ட் மூன்று முறை போனது.
யூபிஎஸ் பதினோரு நிமிஷம் பீப் பீப் என்று கெஞ்சிவிட்டு அடங்கும்.
மூன்று முறையும் போனில் அவன்தான்.
"கடல் எப்பக்கா வரும்?"

ஜூன் பதினாலு, இரவு பதினொன்று ஐம்பத்திரண்டு,
இணைப்பு துண்டிக்கப்பட்டது.
ஐஸ் ஏற்றப் போயிருப்பான்.
அவன் பையைத் திறந்து பார்த்தேன், பார்க்கக் கூடாதுதான்.
அறுநூற்றுச் சொச்சம் மீன்.
ஒன்றைக்கூட விற்கவில்லை.
விற்க ஆளே வைக்கவில்லை நான்.

தெற்குத் துறையில் இப்போது ஒரு வியாபாரியை நிறுத்தியிருக்கிறேன்.
பெயர் வைத்தாகிவிட்டது, கூடை கொடுத்தாகிவிட்டது.
விலை என்ற கட்டம் மட்டும் காலி.
படகுகள் திரும்பட்டும்.
முதுநகர் ஏலத்தில் நின்று
கேட்டுவிட்டு வந்து போடுகிறேன்.