முஹர்ரக்கில் தண்ணீர்

நாற்பத்தோராம் நாள் கரை தெரிந்தது.
கரை என்றால், கடலைவிடச் சற்று வெளுத்த ஒரு கோடு.
யாரும் கூவவில்லை;
நாக்கு மேலண்ணத்தில் ஒட்டியிருந்தது.

மன்னாரில் பகலாக் கப்பல் ஏறும்போது
பதினோரு பேர்,
முத்துத் துளைக்கிறவர்கள், நிறுக்கிறவர்கள்.
மஸ்கட் தாண்டியதும் காற்று செத்தது.
பீப்பாய்த் தண்ணீரில் புழு.
காலையில் ஆளுக்கு அரைக் கொட்டாங்கச்சி.
சாயங்காலம்
நாகுதாவின் முகத்தைப் பார்த்துக்கொள்ளலாம்.

சீனி நெய்னா
தன் பங்கைக் கண்ணுக்கு நேரே தூக்கி
விலை பேசுகிறவன்போல் திருப்பிப் பார்ப்பான்.
"ஒரு குன்றிமணி குறையுது."
முதலில் சிரித்தோம்.

ஹோர்முஸ் கழிந்த மூன்றாம் இரவு
பாய்த்துணியில் சுற்றி அவனை இறக்கினோம்.
சுறா எண்ணெய் வாடையில் ஓதி முடித்தோம்.
காலில் கட்ட வேறொன்றும் இல்லை,
முத்துக்குளிக்கிற கல்லையே கட்டினோம்.
கயிற்றை மேலே இழுக்க
யாரும் நிற்கவில்லை.

இங்கே நங்கூரம் விழுந்ததும்
ஓர் அரபிப் பையன்
தோற்பையை இடுக்கிக்கொண்டு குதித்தான்.
உப்பை அள்ளி என்ன செய்வான் என்று பார்த்தேன்.
மூச்சு முட்ட மேலே வந்தான்,
பையை நீட்டினான்.

இனித்தது.

கடலுக்கு அடியில் ஊற்றாம்.
ஊரே அதைத்தான் குடிக்கிறதாம்.

மற்ற ஒன்பது பேரும்
தாடி நனையக் குடித்தார்கள், அழுதார்கள்,
ஒருவன் கால்கூடக் கழுவினான்.
நான் வாய் நிறைய வைத்துக்கொண்டு
விழுங்காமல் நின்றேன்.

பிறகு நாகுதாவிடம் கேட்டேன்,
நெய்னாவை விட்ட இடத்தில் ஆழம் எவ்வளவு?

முப்பது பாகம் என்றான்.
அடியில் என்ன இருந்தது என்று
அவன் பார்க்கவில்லை.