அறுபத்தோராம் நாள்

காலை எட்டரைக்கு என் முதல் வேலை
திகதி முத்திரையின் சில்லை
ஒரு பல் முன்னே தள்ளுவது.
அதற்குப் பிறகுதான் தேத்தண்ணி.

அன்றைக்கும் தள்ளியிருந்தேன்.

எட்டு நாற்பதுக்கு
களுவாஞ்சிகுடி நீதிமன்றப் பதிவறை யன்னலில்
முழங்கால்வரை சேறு காய்ந்த சீலையோடு
கந்தப்போடி அருந்தவமணி.
சொப்பிங் பைக்குள் சொப்பிங் பை,
அதற்குள் இன்னொன்று,
அதற்குள் நனையாத மேன்முறையீட்டு மனு.

"நேத்து பாதை ஓடல்ல மனெ."

வெளியூர் ஆட்களுக்கு இது விளங்காது.
மண்டூருக்கும் குருமண்வெளிக்கும் நடுவே
வாவியில் மிதக்கிற இரும்புத் தட்டுக்கு
எங்கள் பக்கம் பாதை என்று பெயர்.
வெள்ளம் வந்தால் பாதையைக் கட்டிப்போடுவார்கள்.
படுவான்கரை அப்படியே நிற்கும்.
எழுவான்கரையில் நாட்கள் போகும்.

இத்தனை நாளும் எங்கே போனீர்கள் என்று
கேட்பதுதான் முறை.
தீர்ப்பின் பிரதியை நாங்கள் கொடுத்ததே
ஐம்பத்தேழாம் நாள். கேட்கவில்லை.
தீர்ப்பு நாளைத் தவிர்த்து எண்ணினேன்.
எப்படி எண்ணினாலும் நேற்றோடு அறுபது.

முத்திரை என் கையில்தான் இருந்தது.
பெருவிரலால் ஒரு பல் பின்னே.
அவளும் அதைத்தான் பார்த்தாள்.
வாய் திறந்து கேட்டிருந்தால்
கோபித்துத் தப்பியிருப்பேன்.

குத்தினேன், இன்றைய திகதி.
மை கொஞ்சம் கூடிப்போயிற்று.

மூன்று ஏக்கர் வயல்.
தமையன் முடித்த உறுதி
(கள்ள உறுதி என்கிறாள், நான் சொல்லக்கூடாது).
பத்தொன்பது வருட வழக்கு,
கோப்பைத் தூக்க இரண்டு பேர் வேண்டும்.
நீதிபதி லீவு. எதிராளியின் சட்டத்தரணிக்குச் சுகமில்லை.
தட்டச்சு முடியவில்லை.
தவணை, தவணை, ஒவ்வொன்றின் கீழும்
என் முத்திரை அல்லது எனக்கு முந்தியவருடையது.

கட்டளை ஒன்றரை வரிதான் வந்தது.
காலங்கடந்த மனு, தள்ளுபடி.
வெள்ளத்துக்கு அதில் இடம் இல்லை.

மன்றில் வாசித்து முடிந்தும்
அவள் நின்றுகொண்டே இருந்தாள்.
"அடுத்த தவணை எப்ப ஐயா?"

பிறகு யன்னலுக்கு வந்து
கட்டளையின் பிரதி வேண்டும் என்றாள்.
கட்டணம் வாங்கினேன், பற்றுச்சீட்டு எழுதினேன்,
பதினாலு நாளில் வரச்சொன்னேன்.

பதின்மூன்றாம் நாளே வந்துவிட்டாள்
முதல் பாதையில்.
விறாந்தை வாங்கில் இருந்தாள்,
பகல் முழுக்க.

பிரதி இன்னும் ஆயத்தமில்லை.