நிறத்துக்குக் கட்டம் இல்லை

காலை ஆறு மணி.
"அணை. ஜுஜுனா."
"மின்நிலையம். அஸ்தமுர்."
நீர்மட்டம் சொல்கிறேன், மதகின் திறப்பு சொல்கிறேன்,
அவன் திருப்பிச் சொல்லி வைத்துவிடுகிறான்.
பதினோரு வருடமாக எங்கள் பேச்சு இவ்வளவுதான்.
அவன் முகம் எனக்குத் தெரியாது.

ஷ்காரா பனியாற்றின் அடிவயிற்றில்
கல்மாவு கரைந்த சாம்பல் நிறத்தில் பிறக்கிறது எங்குரி.
உஷ்குலியின் கல்கோபுரங்களுக்குக் கீழே
ஒரு கன்றுக்குட்டி தாண்டிவிடும் அகலம்.
பிறகு மேற்கே திரும்பி
பக்கத்துப் பள்ளத்தாக்குகளிடம் கடன் வாங்கி வாங்கி
முல்க்ரா, நென்ஸ்க்ரா,
பேர் வைக்க யாருக்கும் நேரமில்லாத ஓடைகள்
எல்லாவற்றையும் சேர்த்துக்கொண்டு
காய்ஷிக்கு வரும்போது குரல் உடைந்துவிடும்.
அந்த ஊரில் இரவு தங்கினால்
தலையணைக்கு அடியில் பாறை உருளும்.

அந்தக் குரல் அடங்குகிற இடத்தில் எனக்கு வேலை.
வளைந்த கான்கிரீட் சுவர்,
இருநூற்று எழுபது மீட்டர் உயரம்.
மேலிருந்து துப்பினால் கீழே போய்ச் சேராது,
காற்று வாங்கிக்கொள்ளும்.
வேலைக்கு வரும் எல்லோரும் முதல் நாள் துப்பிப் பார்ப்பார்கள்,
நானும்தான்.
ஆற்றில் போட்டாலும் அளந்து போட வேண்டும்.
நான் ஆற்றையே அளந்து போடுகிறேன்,
மலையைக் குடைந்த சுரங்கத்தில்.

பதினைந்து கிலோமீட்டர் இருட்டு.
நான் பார்த்த தண்ணீர்
நான் தேநீர் போட்டு, குடித்து, கோப்பையைக் கழுவுவதற்குள்
அஸ்தமுரின் ஐந்து சுழலிகளை எட்டிவிடும்.
அங்கிருந்து கம்பி ஏறி
சுகுமியில் ஒரு சலவை இயந்திரம்,
திபிலிசியில் ஒரு பிரசவ அறை.
இடையில் நடந்த சண்டை எதுவும்
விளக்குக்குத் தெரியாது.

சண்டை நின்றபோது கோட்டை ஆற்றின் மேல் போட்டார்கள்.
அணை இந்தப் பக்கம். சுழலி அந்தப் பக்கம்.
வரைபடத்தில் அது நீலமாக இருக்கிறது.
போய்ப் பார்த்தால் காய்ந்த கற்கள்,
நாணல், ஒரு பக்கம் முள்கம்பி.
ஆறு அங்கே இல்லை.
மலைக்கு அடியில், காகிதம் எதுவும் காட்டாமல்
அது எப்போதோ கடந்து போய்விட்டது.
அதன் பின்னால் மனிதர்களும்.
நிலவில்லாத இரவுகளில், கல்லுக்குக் கல் தாவி,
ஹேசல் கொட்டை மூட்டையோடு,
ஒரு முறை திருமண கேக்கோடு.

சுரங்கம் கசிந்த குளிர்காலத்தில்
மூன்று மாதம் அதை மூடினோம்.
மேலே பனி இறுகி, வந்ததே கொஞ்சம் நீர்.
அதைப் பழைய படுகைக்கே விட்டோம்.
ஷாம்கோனாவில் ஆட்கள் வந்து நின்றார்கள்,
எதிர்க்கரையிலும்.
ஒருத்தி செருப்பைக் கழற்றிக் கணுக்கால் நனைத்தாள்.
காவலன் விசில் அடித்தான், அவள் நிமிரவில்லை.
ஆறு திரும்பி வந்ததும்தான்
எல்லை நிஜமாயிற்று.
மூட்டைக்காரர்கள் கரையிலேயே உட்கார்ந்திருந்தார்கள்.
இரு பக்கமும் மெழுகுவத்தி.
ஆறு இருந்தது, வெளிச்சம் இல்லை.
எது வேண்டும் என்று என்னை யாரும் கேட்கவில்லை,
கேட்டிருந்தால் எனக்கும் தெரியாது.

சுரங்கத்தைத் திறந்த மறுநாள்
எண்களைச் சொல்லி முடித்தேன். அவன் வைக்கவில்லை.
"தண்ணீர் என்ன நிறம்?"
"என்ன?"
"எனக்கு இருட்டிலிருந்து வருகிறது.
சுழலி கடந்தால் வெறும் நுரை.
என்ன நிறம் என்று நான் பார்த்ததில்லை."

வயர் இழுபடும் தூரம்வரை ஜன்னலுக்குப் போனேன்.
"சாம்பல். கொஞ்சம் பச்சை.
மேலே உருகத் தொடங்கிவிட்டது."
பேனா கீறும் ஓசை கேட்டது.
"எங்கே எழுதுகிறாய்? நிறத்துக்குக் கட்டம் இல்லையே."
"ஓரத்தில்."

மறுநாள் ஆறு.
நீர்மட்டம், மதகு, அவ்வளவுதான். அவன் கேட்கவில்லை.
நான் மட்டும்
ஜன்னலில் ஒருமுறை பார்த்துவிட்டு வந்துதான்
தொலைபேசியை எடுத்திருந்தேன்.